தியத்தலாவைச் சிறைமுகாம்கள்: ஒரு வரலாற்று நோக்கு

கொழும்பிலிருந்து பதுளைக்குப் புகையிரதத்திற் செல்வோர், அப்புத்தளையைக் கடந்து சிறிது தூரம் சென்றதும், தேயிலைத் தோட்டங்கள் விலகிப் புல் மிகுந்த குன்றுகள் அலையலையாகப் பரந்து கிடக்கும் வெளியொன்றைக் காண்பர். கடல் மட்டத்திலிருந்து 4,000 அடிக்கு மேல் உயர்ந்து, குளிர்ந்த காற்றும் இளவெயிலும் நிறைந்து விளங்கும் அவ்விடமே தியத்தலாவை. இன்று அங்கே இராணுவப் பயிற்சிக் கழகம் அமைந்துள்ளது. ஆயின் 1900ஆம் ஆண்டுக்கும் 1942ஆம் ஆண்டுக்கும் இடையில் மூன்று பெரும் போர்களின்போது அக்குன்றுகள் முட்கம்பி வேலியாற் சூழப்பட்டுச் சிறைமுகாம்களாய் இருந்தன என்பதை நம்மில் அறிந்தோர் சிலரே. அவ்வரலாற்றை ஆராய்வதும், அது நமக்கு உணர்த்தும் நீதியை எடுத்துக் கூறுவதும் இக்கட்டுரையின் நோக்கமாகும்.

முதற்கண் ஒரு வேறுபாட்டை மனத்திற் கொள்ளல் வேண்டும். போர்க்களத்திற் பிடிபட்ட படைவீரன் போர்க்கைதி எனப்படுவான். படைக்கலம் ஏந்தாது, பகைநாட்டிற் பிறந்தவன் என்ற காரணத்தால் மட்டும் அடைக்கப்பட்டவன் தடுத்து வைக்கப்பட்டவன் எனப்படுவான். இவ்விருவருள் எவனும் குற்றவாளி அல்லன். குற்றவாளிக்குச் சிறை தண்டனை. இவர்களுக்கோ சிறை ஒரு காவல் மட்டுமே. இவ்வேறுபாட்டை அரசுகள் மறந்தபோதெல்லாம் பெருந்தீங்கு விளைந்தது என்பதை மேல்வருவன காட்டும்.

போயர் கைதிகளின் வருகை

தென்னாபிரிக்காவிலே திரான்சுவால், ஒறேஞ்சு சுதந்திர நாடு என்னும் இரு குடியரசுகளுக்கும் பிரித்தானியருக்கும் இடையே 1899ஆம் ஆண்டு ஒக்டோபர் மாதம் போர் மூண்டது. ஒல்லாந்த வழிவந்த குடியானவர்களாகிய போயர், குதிரையேற்றத்திலும் குறிபார்த்துச் சுடுவதிலும் வல்லவர். தொடக்கத்தில் வெற்றிகள் பல பெற்ற அவர்கள், 1900 பெப்ரவரி மாதம் பாடபேர்க்கிலே, தளபதி குரோன்யே ஏறத்தாழ 4,000 வீரருடன் சரணடைந்தபின் தளர்வுற்றனர். அவ்வாண்டு யூலை இறுதியிற் பிரண்ட்வோட்டர் பள்ளத்தாக்கில் மேலும் நாலாயிரத்துக்கு மேற்பட்டோர் சரணடைந்தனர்.

இத்துணை பெருந்தொகையினரைத் தென்னாபிரிக்காவிலேயே வைத்திருத்தல் அரிதாயிற்று. அவர்கள் தப்பியோடி மீண்டும் படை சேரக்கூடும் என்ற அச்சமும் இருந்தது. ஆகவே கடலையே மதிலாகக் கொண்ட இடங்கள் தேடப்பட்டன. குரோன்யேயும் அவர் வீரரும் சென் எலேனாத் தீவுக்குச் சென்றனர். பிறர் பெர்மியூடாவுக்கும் இந்தியாவுக்கும் இலங்கைக்கும் அனுப்பப்பட்டனர். 1900 ஓகஸ்டு மாதம் முதற்றொகுதியினர் கொழும்பிலே கரையிறங்கிப் புகையிரதத்தில் தியத்தலாவைக்குக் கொண்டுசெல்லப்பட்டனர். ஒலிவியர், றூ ஆகிய தளபதிகளும் இலங்கைக்கு வந்தோருட் சேர்ந்தவர்களே. போர் முடியுமுன் இலங்கைக்கு வந்த போயரின் தொகை ஏறத்தாழ 5,000 ஆயிற்று.

தியத்தலாவை ஏன் தெரிந்தெடுக்கப்பட்டது? குளிர்நாட்டவர்க்கு ஒத்த தட்பவெப்பம், திறந்த வெளி ஆகியவற்றோடு, சில ஆண்டுகளுக்கு முன்னரே பண்டாரவளை வரை இடப்பட்டிருந்த புகையிரதப் பாதையும் அங்கே இருந்தது. உணவும் மருந்தும் தடையின்றிச் செல்ல வழியில்லாத இடத்தில் ஆயிரக்கணக்கானோரை அடைப்பது அவர்களைக் கொல்வதற்கு ஒப்பாகும். இதனைப் பின்னரும் கூறுவோம்.

தகரக் கொட்டகைகள் வரிசை வரிசையாக எழுந்தன. கைதிகளுட் பதின்பருவச் சிறுவரும் இருந்தனர், முதியோரும் இருந்தனர். கற்றவர் கல்லாதார்க்கு வகுப்புகள் நடத்தினர். முட்கம்பி எனப் பொருள்படும் பெயரோடு அவர்கள் தம் மொழியிலே ஒரு பத்திரிகையும் வெளியிட்டனர். பலர் மரத்திற் பெட்டிகளும் கைத்தடிகளும் செதுக்கி விற்றுச் சிறுபொருள் ஈட்டினர். விளையாட்டில் ஈடுபாடுள்ள மாணவர் ஒரு செய்தியை விரும்பிக் கேட்பர்: 1901 யூலையிலே போயர் கைதிகளின் கிறிக்கெற் அணியொன்று கொழும்புக்கு வந்து கோல்ற்ஸ் கழகத்தாரோடு ஆடித் தோற்றது. காவலில் உள்ளோரும் காவலிலாரும் ஒரே ஆடுகளத்தில் நின்ற அந்நாள், பகைமைக்கும் ஓர் எல்லை உண்டென்பதைக் காட்டிய நாளாகும்.

ஆயினும் முகாம் வாழ்வு துன்பமற்றதாய் இருக்கவில்லை. நெருப்புக் காய்ச்சல் பரவிப் பலரைக் கொண்டது. இலங்கையில் இறந்த போயர் நூற்றுக்கு மேற்பட்டோர். அவருட் பெரும்பாலோர் தியத்தலாவை மண்ணிலேயே துயில்கின்றனர்.

வாக்குறுதியும் தப்பியோட்டமும்

கைதிகள் அனைவரும் தியத்தலாவையிலேயே இருக்கவில்லை. அடங்காதவரெனக் கருதப்பட்டோர் இராகமைக்கு அனுப்பப்பட்டனர். நோயினின்று தேறுவோர்க்குக் கல்கிசையில் ஓரிடம் இருந்தது. தப்பியோடமாட்டோம் என வாக்குறுதி அளித்தவர் அம்பாந்தோட்டையிலும் உரகஸ்மன்சந்தியிலும் காவல் தளர்ந்த முகாம்களில் வாழ்ந்தனர்.

இவ்வாக்குறுதி முறை 1899ஆம் ஆண்டின் கேக் உடன்படிக்கையிற் கூறப்பட்ட ஒன்றாகும். கைதியை மனிதத் தன்மையோடு நடத்தல் வேண்டும். சிறைப்படுத்திய அரசு தன் படைவீரர்க்கு அளிக்கும் உணவையே அவனுக்கும் அளித்தல் வேண்டும். அவன் தன் மானத்தின் பேரில் வாக்களித்தால் விடுவிக்கப்படலாம். வாக்கை மீறினால் போர்க்கைதிக்குரிய உரிமையை இழப்பான் என்பன அதன் விதிகளுட் சில. போயர் குடியரசுகள் அம்மாநாட்டுக்கு அழைக்கப்படவில்லை. ஆயினும் இலங்கை முகாம்களின் ஒழுங்கு பெரும்பாலும் அவ்விதிகளை ஒத்தே இருந்தது.

வாக்களியாதவன் தப்பியோட முயல்வது இழுக்கன்று. 1901 சனவரியிலே கொழும்புத் துறைமுகத்தில் நின்ற ‘கற்றலோனியா’ என்னும் கைதிக் கப்பலிலிருந்து ஐவர் இரவிலே கடலிற் குதித்து நீந்தி, அண்மையில் நின்ற ‘கெர்சோன்’ என்னும் உருசியக் கப்பலை அடைந்தனர். உருசியர் அவர்களை ஏற்று மறைத்துக் கருங்கடற் கரைக்குக் கொண்டுசென்றனர். அங்கிருந்து உருசியா, சேர்மனி, ஒல்லாந்து ஆகிய நாடுகளின் வழியாகச் சேர்மானியரின் தென்மேற்கு ஆபிரிக்காவை அடைந்து, ஈற்றில் மீண்டும் போர்க்களம் புகுந்தனர். அவர்தம் தலைவன் வில்லி ஸ்ரெயின் என்பான். வாக்களித்தவன் வாக்கைக் காத்தலும், வாக்களியாதவன் விடுதலையை நாடுதலும் இருவேறு அறங்கள். இரண்டையும் அக்காலப் பகைவர் மதித்தனர்.

மனைவியரும் மக்களும்

இனி இவ்வரலாற்றின் மிகத் துயரமான பகுதிக்கு வருவோம். தியத்தலாவையிலே கைதிகள் செதுக்குவேலை செய்துகொண்டிருந்த அதே காலத்தில் அவர்தம் வீடுகள் எங்கே இருந்தன? போயர் சிறு குழுக்களாகப் பிரிந்து மறைந்து நின்று போர் புரியத் தொடங்கியதும், பிரித்தானியப் படையினர் அவர்களுடைய பண்ணைகளைத் தீயிட்டு, பெண்களையும் குழந்தைகளையும் திரட்டி முகாம்களில் அடைத்தனர். அம்முகாம்களிலே நீர் போதவில்லை, விறகு இல்லை, சவர்க்காரமும் அரிதாயிற்று. களத்தில் இன்னும் போர் புரிவோரின் குடும்பத்தினர்க்குத் தொடக்கத்தில் உணவும் குறைத்தே அளிக்கப்பட்டது. சின்னமுத்தும் நெருப்புக் காய்ச்சலும் வயிற்றோட்டமும் குழந்தைகளை வாரிச் சென்றன.

எமிலி கொப்கவுஸ் என்னும் ஆங்கில மாது 1901 சனவரியிலே புளூம்பொன்ரீன் முகாமுக்குச் சென்று கண்ணாற் கண்டவற்றை எழுதி வெளியிட்டார். தம் நாட்டினர் பலர் அவரைத் துரோகியெனத் தூற்றினர். அவ்வாண்டு ஒக்டோபரில் மீண்டும் சென்றபோது அவர் கரையிறங்கவும் விடப்படாது திருப்பி அனுப்பப்பட்டார். எனினும் அவர் எழுப்பிய குரல் அடங்கவில்லை. எதிர்க்கட்சித் தலைவர் கம்பெல் பனர்மன் இம்முறைகளைக் காட்டுமிராண்டித்தனம் எனக் கண்டித்தார். திருமதி மிலிசென்ற் போசெற் தலைமையில் ஒரு மகளிர் குழு அனுப்பப்பட்டது. அக்குழு கூறிய திருத்தங்கள் செய்யப்பட்டு, முகாம்கள் படையினரிடமிருந்து குடியியல் அதிகாரிகளின் பொறுப்புக்கு மாறின. விளைவு யாது? 1901 ஒக்டோபரில் ஆண்டுக் கணக்கில் ஆயிரத்துக்கு 344 ஆக இருந்த இறப்பு வீதம், 1902 பெப்ரவரியில் 69 ஆகக் குறைந்தது. இக்கணக்கைச் சற்று ஆழ்ந்து நோக்குக. அவ்விறப்புகள் தவிர்க்க முடியாதவை அல்ல. நீரும் உணவும் தாதியரும் முன்னரே வந்திருப்பின் அவற்றுட் பல நிகழ்ந்திரா.

போயர் முகாம்களில் இறந்தோர் ஏறத்தாழ 28,000 பேர். அவருள் 22,000க்கு மேற்பட்டோர் பதினாறு வயதுக்குட்பட்டவர். ஆபிரிக்கக் கறுப்பின மக்களுக்கும் தனி முகாம்கள் இருந்தன. அங்கே இறந்தோருட் பதிவானவர் மட்டும் 14,000க்கு மேற்பட்டோர். உண்மைத் தொகை 20,000ஐ விஞ்சும் என ஆய்வாளர் கருதுவர். அவர்களுக்காகக் குரல் எழுப்ப அந்நாளில் ஆளின்மையால் அவர் துயரம் நெடுங்காலம் எழுதப்படாமலே கிடந்தது.

படைக்கலம் ஏந்திய வீரன் கடல் கடந்த குன்றிலே உயிர்பிழைத்திருக்க, படைக்கலம் ஏந்தாத அவன் மனைவியும் மகவும் மாண்டது எதனால்? வீரனைக் காக்க விதி இருந்தது. பெண்ணையும் குழந்தையையும் அடைப்போரைக் கட்டுப்படுத்த விதி இருக்கவில்லை. வீரனுக்கென முகாம் முன்கூட்டித் திட்டமிடப்பட்டது. குடும்பங்களோ இடம் ஆயத்தமாகுமுன் கொண்டுவந்து கொட்டப்பட்டன. இவை இரண்டுமே தலையாய காரணங்கள்.

1902 மே 31ஆந் தேதி சமாதானம் கையெழுத்தாயிற்று. பிரித்தானிய மன்னருக்கு விசுவாசப் பிரமாணம் செய்தோர் தாயகம் திரும்பினர். பிரமாணம் செய்ய மறுத்த எங்கெல்பிரெக்ற் என்பவர் அம்பாந்தோட்டையிலேயே தங்கி, யால வனவிலங்குக் காப்பகத்தின் முதற் காவலரானார். முதலாம் மகாயுத்தத்தின்போது ‘எம்டன்’ என்னும் சேர்மன் போர்க்கப்பலுக்கு இறைச்சி வழங்கினார் என்ற ஐயத்தின் பேரில் அவர் மீண்டும் சிறைப்பட்டார். குற்றம் நிரூபிக்கப்படவில்லை. 1922இல் அவர் இவ்வூரிலேயே காலமானார்.

துறவியர் இருவர்

1914இல் முதலாம் மகாயுத்தம் மூண்டதும் இலங்கையில் வாழ்ந்த சேர்மானியர் தியத்தலாவையில் அடைக்கப்பட்டனர். அவருள் ஒருவர், தொடந்துவைக் களப்பிலுள்ள தீவொன்றில் ஆச்சிரமம் நிறுவிப் பாளிநூல்களை ஆராய்ந்துவந்த ஞானதிலோக தேரர். அவர் 1915இல் அவுஸ்திரேலியாவுக்கு அனுப்பப்பட்டார். பல நாடுகளில் அலைந்து 1926இலேயே இலங்கைக்கு மீளமுடிந்தது. 1939இல் இரண்டாம் மகாயுத்தம் மூண்டதும் அவர் மீண்டும் தியத்தலாவைக்குக் கொண்டுசெல்லப்பட்டார்.

இம்முறை அவரோடு அவர் மாணாக்கர் ஞானபோனிக தேரரும் இருந்தார். இவர் சேர்மனியிற் பிறந்த யூதர். இட்லரின் கொடுமை தாங்காது 1936இல் இலங்கை வந்து துறவு பூண்டவர். எவன் கொடுமையினின்றும் தப்பியோடி வந்தாரோ, அவனுடைய குடிமகன் என்றே இங்கு அடைக்கப்பட்டார்! 1941 நவம்பரிலே வெளிநாட்டில் வாழ்ந்த யூதரின் குடியுரிமையைச் சேர்மன் அரசு பறித்தது. சேர்மனி அவரைத் தன்னவர் அன்றெனத் தள்ளிய பின்னரும், பிரித்தானிய அரசு அவரைச் சேர்மானியர் என்றே கொண்டு வட இந்தியாவின் தேராதூன் முகாமில் வைத்திருந்தது. ஆசிரியரும் மாணாக்கரும் 1946இலேயே இலங்கை திரும்பினர். முகாமிலிருந்த ஆண்டுகளிலும் ஞானபோனிகர் பாளிநூல்களைச் சேர்மன் மொழியிற் பெயர்க்கும் பணியை விடவில்லை.

விதிகள் வளர்ந்த வகை

1929ஆம் ஆண்டின் செனீவா உடன்படிக்கை போர்க்கைதிகளை மட்டுமே காத்தது. இரண்டாம் மகாயுத்தத்தின் பேரழிவுக்குப் பின்னரே, 1949இல் நான்காம் செனீவா உடன்படிக்கை குடிமக்களுக்கென எழுந்தது. தடுத்து வைக்கப்பட்டவரின் நிலையை நீதிமன்றமோ ஒரு சபையோ ஆண்டுக்கு இருமுறையேனும் மீளாராய வேண்டும் என அதன் 43ஆம் உறுப்புரை கூறும். எந்த அரசின் காவலும் அற்ற அகதியைப் பகைநாட்டுக் குடியுரிமை ஒன்றையே கொண்டு பகைவனாக நடத்தலாகாது என 44ஆம் உறுப்புரை விதிக்கும். இவ்விதிகளைப் படிக்கும்போது ஞானபோனிகரை நினையாதிருத்தல் இயலாது. ஒவ்வொரு விதியின் பின்னும் அது வருமுன் துன்புற்ற மனிதர் நிற்கின்றனர்.

ஆயின் விதி எழுதப்பட்டதனால் மட்டும் வேலி தளர்ந்துவிடுவதில்லை. போர் முடிந்த 2009ஆம் ஆண்டில் வன்னி மக்கள் ஏறத்தாழ மூன்று இலட்சம் பேர் செட்டிகுளத்திலும் பிற இடங்களிலும் முட்கம்பிக்குள் வைக்கப்பட்டதையும், அவ்வாண்டு திசெம்பர் வரை அவர்கள் விரும்பியவாறு வெளிச்செல்ல விடப்படாததையும் இதனைப் படிப்போர் அறிவர். நம் உறவினர் பலர் அதனை வேலியின் உட்புறத்திலிருந்து கண்டவர்கள். ஆகவே போயரின் கதை நமக்கு அயலார் கதையன்று.

மாணவர்கள் தியத்தலாவைக்குச் செல்ல நேரின், போயர் புதைக்கப்பட்ட இடத்திலே சிறிது நின்று வருவார்களாக. அங்கே துயில்வோர் நமக்கு உறவினரும் அல்லர், பகைவரும் அல்லர். ஆனால் காவலில் உள்ளவன் காப்பவனிடம் ஒப்படைக்கப்பட்ட அடைக்கலப் பொருள் என்பதை அக்கல்லறைகள் உணர்த்தும். நம் கல்லூரியிற் கற்றோருள் நாளை அதிகாரிகளாகவும் வைத்தியர்களாகவும் நீதிபதிகளாகவும் வரப்போவோர் பலர். வேலிக்கு வெளியே நிற்கும் பொறுப்பு அவர்களுக்கு வாய்க்குமாயின், முதலில் நீரையும் மருந்தையும் பற்றிக் கேட்பார்களாக. உள்ளே இருப்பவன் ஏன் உள்ளே இருக்கின்றான் என்பதை இடையறாது வினவுவார்களாக.