வாரம் 25 டாலரில் தொடங்கிய வேலை: அமெரிக்க ஃபுட்பால் கோச் ஆகும் வழி

2017 ஜனவரியில் லாஸ் ஏஞ்சல்ஸ் ராம்ஸ் அணி ஷான் மெக்வேயைத் தலைமைப் பயிற்சியாளராக நியமித்தபோது, அவருக்கு 31 வயது நிறைய இன்னும் 12 நாள் இருந்தது. தொழில்முறை லீக்கான என்.எஃப்.எல்.லின் நவீன வரலாற்றில் அவ்வளவு இளைய தலைமைக் கோச் அதுவரை இல்லை. இரண்டு ஆண்டு கழித்து டென்வர் பிராங்கோஸ் அணி அதே பதவியை விக் ஃபான்ஜியோவிடம் கொடுத்தது. அவருக்கு வயது 60. தலைமைப் பொறுப்பு அவருக்குக் கிடைத்தது அப்போதுதான். வேடிக்கை என்னவென்றால், ஃபான்ஜியோ என்.எஃப்.எல்.லுக்குள் காலடி வைத்த 1986இல்தான் மெக்வே பிறந்தார்.

இந்தத் தொழிலில் வயதுக் கணக்கு செல்லாது. ஆனால் ஏற வேண்டிய படிகள் ஏறத்தாழ எல்லோருக்கும் ஒன்றுதான். என்.எஃப்.எல்.லில் இருப்பவை 32 அணிகள். ஆகவே 32 தலைமை நாற்காலிகள். ஒவ்வொன்றுக்கும் கீழே இருபதுக்கும் மேற்பட்ட உதவிப் பயிற்சியாளர்கள். அதற்குக் கீழே நூற்றுக்கணக்கான கல்லூரி அணிகள், அதற்கும் கீழே ஏறத்தாழ 14,000 உயர்நிலைப் பள்ளி அணிகள். டெக்சஸிலோ நியூஜெர்சியிலோ குடியேறி, வெள்ளிக்கிழமை இரவு பள்ளி மைதானத்தில் விளக்கு எரிவதைப் பார்த்திருக்கும் தமிழ்க் குடும்பங்களுக்கு அந்தக் கடைசி அடுக்கு தெரிந்ததுதான். பலர் ஏறத் தொடங்குவது அங்கிருந்துதான்.

பெரிய ஆட்டக்காரராக இருந்திருக்க வேண்டுமா?

வேண்டாம். மைக் லீச் கல்லூரி அளவில்கூட ஃபுட்பால் ஆடியவர் இல்லை. பெப்பர்டைன் பல்கலைக்கழகத்தில் சட்டம் படித்து முடித்தவர், வழக்கறிஞர் வேலைக்குப் போகாமல் 1987இல் கலிஃபோர்னியாவின் கால் பாலி கல்லூரியில் 3,000 டாலர் சம்பளத்துக்கு உதவிக் கோச்சாகச் சேர்ந்தார். 1989இல் ஃபின்லாந்து போய் போரி பேர்ஸ் என்ற அணிக்குப் பயிற்சி கொடுத்தார். பிறகு ஹால் மம்மி என்ற கோச்சுடன் சேர்ந்து, பந்தை ஓயாமல் காற்றில் எறியும் 'ஏர் ரெய்ட்' தாக்குதல் முறையை வளர்த்தார். அதை வைத்தே டெக்சஸ் டெக் பல்கலைக்கழகத்தில் பத்து ஆண்டுகள் தலைமைக் கோச்சாக இருந்தார்.

ஆடியிருந்தால் கதவு சீக்கிரம் திறக்கும், மறுப்பதற்கில்லை. உள்ளே போனபின் யாரும் பழைய ஆட்டத்தைக் கேட்பதில்லை. நேற்றைய ஆட்டத்தின் வீடியோவில் என்ன பார்த்தாய் என்றுதான் கேட்பார்கள்.

முதல் படி: பள்ளி மைதானம்

அமெரிக்கப் பள்ளிகளில் ஃபுட்பால் கோச் பெரும்பாலும் அதே பள்ளியின் ஆசிரியர். காலையில் வரலாறோ கணக்கோ நடத்திவிட்டு மாலையில் விசில் மாட்டிக்கொள்வார். பயிற்சிக்கென்று கிடைப்பது சம்பளத்தோடு சேர்ந்த ஒரு சிறு படிதான். ஆகவே பள்ளி வழியாகப் போக நினைப்பவர் முதலில் ஒரு பட்டமும், அந்த மாநிலத்தின் ஆசிரியர் உரிமமும் பெற்றுவிடுவது புத்திசாலித்தனம். அதோடு முதலுதவிப் பயிற்சி, தலையில் அடிபட்டால் கவனிக்க வேண்டிய அறிகுறிகள் பற்றிய வகுப்பு, பின்னணிச் சோதனை ஆகியவையும் தேவைப்படும். விதி மாநிலத்துக்கு மாநிலம் மாறும். பள்ளிகளின் தேசியக் கூட்டமைப்பான என்.எஃப்.எச்.எஸ். இதற்கான பாடங்களை இணையத்திலேயே நடத்துகிறது. சிறுவர் அணிகளுக்கென்றால் யு.எஸ்.ஏ. ஃபுட்பால் அமைப்பின் சான்றிதழ்.

இந்தப் படியைத் தாழ்வாக நினைப்பவர்கள் இரண்டு பேரின் கதையைத் தெரிந்துகொள்ள வேண்டும். மைக் ஹோம்கிரன், சான் ஃபிரான்சிஸ்கோ வட்டாரப் பள்ளிகளில் வரலாறு கற்பித்துக்கொண்டே கோச்சாக இருந்தவர். பின்னாளில் கிரீன் பே பேக்கர்ஸ் அணிக்கு லீக்கின் இறுதிப் போட்டியான சூப்பர் பவுலை வென்று கொடுத்தார். டக் பீடர்சன் எதிர்த்திசையில் வந்தார். என்.எஃப்.எல்.லில் பல ஆண்டுகள் பந்தை எறியும் குவாட்டர்பேக்காக ஆடி ஓய்வுபெற்றதும், 2005இல் லூசியானாவில் ஒரு தனியார் பள்ளி அணியை ஏற்று நான்கு பருவங்கள் அங்கேயே இருந்தார். அங்கிருந்து கிளம்பிய பத்து ஆண்டுக்குள் ஃபிலடெல்ஃபியா ஈகிள்ஸ் அணியின் சூப்பர் பவுல் கோப்பை அவர் கையில் இருந்தது.

இரண்டாம் படி: கல்லூரியில் எடுபிடி

முதுகலைப் படிப்பில் சேர்ந்துகொண்டே அணிக்கு வேலை செய்பவருக்கு கிராஜுவேட் அசிஸ்டன்ட் என்று பெயர். கல்விக் கட்டணம் தள்ளுபடி, கைச்செலவுக்குக் கொஞ்சம் பணம். அதற்கு ஈடாக நாள் முழுக்க வேலை. கல்லூரி ஃபுட்பாலில் ஏழு தேசியப் பட்டம் வென்ற நிக் சேபன் இந்த வழியில் வந்ததே தற்செயல்தான். 1973இல் கென்ட் ஸ்டேட் பல்கலைக்கழகத்தில் அவர் படிப்பு முடிந்துவிட்டது, மனைவிக்கு இன்னும் ஓராண்டு பாக்கி. ஊரை விட்டுப் போக முடியாத அந்த ஓராண்டுக்காகத்தான், கோச் டான் ஜேம்ஸ் கொடுத்த இந்த வேலையை ஒப்புக்கொண்டார்.

ஆண்டி ரீடும் 1982இல் பிரிகம் யங் பல்கலைக்கழகத்தில் இதே வேலையில்தான் தொடங்கினார். அடுத்துப் போன சான் ஃபிரான்சிஸ்கோ ஸ்டேட் அணியில் பணத் தட்டுப்பாடு. நிதி திரட்ட வளாகத்தில் ஹாட் டாக் விற்றார். பிறகு வடக்கு அரிசோனா, டெக்சஸின் எல் பாசோ, மிசூரி என்று பத்தாண்டுக்குள் பல ஊர். இந்தத் தொழிலில் வீடு வாங்குவதைவிட வாடகைக்கு இருப்பதே மேல் என்று அனுபவஸ்தர்கள் சொல்வதில் நியாயம் உண்டு.

கவனிக்க வேண்டியது வேறொன்று. ரீட் பிரிகம் யங்கில் இருந்தபோது அங்கே குவாட்டர்பேக்குகளுக்குக் கோச்சாக இருந்தவர் முன்பு சொன்ன ஹோம்கிரன். 1992இல் பேக்கர்ஸ் அணியின் தலைமைப் பொறுப்பு கிடைத்ததும் ஹோம்கிரன் ரீடை அழைத்துக்கொண்டார். அந்த அணியில் ஆடியவர் பீடர்சன். ரீட் 1999இல் ஈகிள்ஸின் தலைமைக்குப் போனபோது பீடர்சனைக் கூட்டிப்போனார். 2009இல் பள்ளியில் இருந்த அதே பீடர்சனைத் தன் உதவியாளராகத் திரும்ப அழைத்தார். இந்தச் சங்கிலியை அமெரிக்கர்கள் கோச்சிங் ட்ரீ என்பார்கள். வேலை தேடுபவர் பெரிய அணியைத் தேடுவதைவிட, மேலே ஏறப்போகிற நல்ல தலைவரைத் தேடுவதே பலன் தரும். ஆறு ஆண்டு கழித்து அவர் நினைவுக்கு வரும் பெயராக இருந்தால் போதும்.

ஆண்டுதோறும் ஜனவரியில் அமெரிக்க ஃபுட்பால் பயிற்சியாளர் சங்கம் நடத்தும் மாநாட்டுக்கு ஆயிரக்கணக்கான கோச்கள் வருவதும் பாதி இதற்காகத்தான். கருத்தரங்கம் ஒருபுறம் நடக்கும், ஓட்டல் வரவேற்புக் கூடத்தில் வேலை பேசுவது மறுபுறம் நடக்கும்.

மூன்றாம் படி: இருட்டறையும் வீடியோவும்

என்.எஃப்.எல்.லில் அடிமட்ட வேலைக்கு குவாலிட்டி கன்ட்ரோல் கோச் என்று பெயர். பெயரைக் கேட்டு ஏமாற வேண்டாம். அணி இந்த ஞாயிற்றுக்கிழமை ஆட்டத்துக்குத் தயாராகிக்கொண்டிருக்க, இவர் அதற்கடுத்த வார எதிரணியைப் பார்த்துக்கொண்டிருப்பார். அந்த அணியின் கடைசி நான்கு ஆட்டங்களை எடுத்துக்கொண்டால், ஆட்டத்துக்கு அறுபது சொச்சம் வீதம் இருநூற்றைம்பது முறை பந்து நகர்ந்திருக்கும். ஒவ்வொன்றுக்கும் இரண்டு கோணம்: பக்கவாட்டிலிருந்து ஒன்று, கோல் கம்பத்துக்குப் பின்னாலிருந்து ஒன்று. இருபத்திரண்டு பேரும் தெரியும் படம்.

ஒன்றை மட்டும் நிறுத்திப் பார்ப்போம். மூன்றாவது டவுன், அதாவது பத்து யார்டு கடக்கக் கிடைக்கும் நான்கு வாய்ப்பில் மூன்றாவது. இன்னும் 7 யார்டு வேண்டும். பந்து இடப்பக்கக் கோட்டில். ஆள் சேர்க்கை '11': ஒரு ரன்னிங் பேக், ஒரு டைட் எண்ட், மூன்று ரிசீவர். பந்து கிளம்பும் முன் வலப்பக்க ரிசீவர் குறுக்கே நடந்தார். அவர்களுக்கு எதிரே தடுப்பு எந்த வடிவத்தில் நின்றது, எத்தனை பேர் குவாட்டர்பேக்கை நோக்கிப் பாய்ந்தார்கள், பந்து யாரிடம் போனது, எத்தனை யார்டு கிடைத்தது? இவ்வளவையும் கணினிக் கட்டங்களில் நிரப்பிவிட்டு அடுத்ததுக்குப் போக வேண்டும். இப்படி இருநூற்றைம்பது. எல்லாம் முடிந்து வரிசைப்படுத்தினால், இந்த நிலையில் இந்த ரிசீவர் நகர்ந்தால் பந்து வலப்பக்கம்தான் போகும் என்பது போன்ற ஒற்றை வரி கிடைக்கும். ஞாயிறு மாலை ஆட்டத்தைத் திருப்பப்போவது அந்த வரியாக இருக்கலாம்.

பிறகு அந்த ஆட்ட வடிவங்களை அட்டைகளில் வரைய வேண்டும். பயிற்சியில் எதிரணியாக நடிக்கும் மாற்று ஆட்டக்காரர்கள் அதைப் பார்த்துத்தான் நிற்பார்கள். வரைந்தது ஓர் அடி தப்பினாலும் மைதானத்தில் சத்தம் கேட்கும்.

பில் பெலிச்சிக் 1975இல் வெஸ்லியன் பல்கலைக்கழகத்தில் பொருளாதாரம் முடித்ததும் பால்டிமோர் கோல்ட்ஸ் அணியில் சேர்ந்து செய்தது இதைத்தான். சம்பளம் வாரம் 25 டாலர். கோச்களுக்குக் கார் ஓட்டுவதும் வேலையில் சேர்த்தி. அவருக்கு ஒரு முன்னனுபவம் இருந்தது. கடற்படைக் கல்லூரியில் கோச்சாக இருந்த அப்பா ஸ்டீவ், எதிரணியை வேவு பார்ப்பது பற்றிப் புத்தகமே எழுதியவர். மகன் சிறுவயதிலேயே அவர் பக்கத்தில் உட்கார்ந்து பிலிம் பார்த்தவன். கோல்ட்ஸுக்குப் போனபோது பெலிச்சிக் வயது 23. பின்னாளில் நியூ இங்கிலாந்து பேட்ரியட்ஸ் அணிக்கு அவர் வென்று கொடுத்த சூப்பர் பவுல்கள் ஆறு.

உள்ளே நுழைய இன்னொரு வாசல், 1987இல் தொடங்கிய பில் வால்ஷ் பயிற்சித் திட்டம். கோடை முகாமில் சிறுபான்மையினத்தவரைத் தற்காலிக உதவியாளர்களாகச் சேர்க்கும் ஏற்பாடு. மைக் டாம்லின் அதில் பயின்றவர். 34 வயதில் பிட்ஸ்பர்க் ஸ்டீலர்ஸ் அணியின் தலைமைக்கு வந்தார். பெண்களுக்கு வழி திறந்தது வெகு தாமதம். 2015இல் அரிசோனா கார்டினல்ஸ் முகாமில் ஜென் வெல்டர், 2016இல் பஃபலோ பில்ஸில் முழுநேர கோச்சாக கேத்ரின் ஸ்மித், 2020இல் சூப்பர் பவுலில் கோச்சாக நின்ற முதல் பெண்ணாக கேட்டி சவர்ஸ்.

நான்காம் படி: ஒரு வரிசை, பிறகு பாதி அணி

அடுத்தது ஒரு பிரிவுக்குப் பொறுப்பு: ரிசீவர்கள், லைன்பேக்கர்கள், தாக்குதல் முன்வரிசை என்று ஏதாவது ஒன்று. இங்கே தேவை வாத்தியார் புத்தி. தன்னைவிடப் பல மடங்கு சம்பளம் வாங்கும் ஆட்டக்காரரின் பாத வைப்பைத் திருத்த வேண்டும். அதை அவர் கேட்க வேண்டும். வாரத்தின் ஓட்டம் மாறாதது. செவ்வாய் ஆட்டக்காரர்களுக்கு விடுப்பு, கோச்களுக்கு நள்ளிரவு வரை திட்டம். புதன் முதல் இரண்டு டவுன், வியாழன் மூன்றாவது டவுன், வெள்ளி கோல் கோட்டுக்கு முந்தைய கடைசி 20 யார்டு, சனி நடைப் பயிற்சி, ஞாயிறு ஆட்டம்.

அதற்கு மேல் கோஆர்டினேட்டர். தாக்குதலோ தடுப்போ, பாதி அணி இவர் கையில். ஆட்டத்தில் அடுத்த நகர்வைச் சொல்பவர் பெரும்பாலும் இவர்தான். 40 விநாடிக் கடிகாரத்தில் 15 விநாடி மிச்சம் இருக்கும்போது ஆட்டக்காரரின் ஹெல்மெட் ரேடியோ அணைந்துவிடும். அதற்குள் முடிவெடுத்து, சொல்லி, அவருக்குப் புரிந்திருக்க வேண்டும். மெக்வே 2014இல் வாஷிங்டன் அணியில் இந்தப் பொறுப்புக்கு வந்தபோது வயது முப்பதுகூட ஆகவில்லை. ரீட் ஒரு விதிவிலக்கு: என்.எஃப்.எல்.லில் கோஆர்டினேட்டராக இருக்காமலே ஈகிள்ஸின் தலைமைக்குப் போனார். நேர்காணலுக்கு அவர் கொண்டுபோன தடித்த கோப்பு இன்றும் பேசப்படுகிறது. பயிற்சி அட்டவணையிலிருந்து யாரை உதவியாளராக எடுப்பது என்பது வரை எல்லாம் அதில் இருந்தது. ஆண்டுக்கணக்காகச் சேர்த்த குறிப்புகள் அவை. தலைமைப் பதவியில் கண் வைத்திருப்பவர் அப்படி ஒரு கோப்பை முதல் வேலையிலேயே தொடங்கிவிட வேண்டும்.

நேர்காணலுக்குச் சிறுபான்மையின வேட்பாளரையும் கட்டாயம் அழைக்க வேண்டும் என்ற ரூனி விதி 2003இலிருந்து இருக்கிறது. பிறகு அது கடுமையாக்கப்பட்டது. அழைப்பைக் கட்டாயமாக்கலாம், வேலையைக் கட்டாயமாக்க முடியாது. விதியின் குறையும் அதுதான்.

கடைசிப் படி: பெட்டியைக் கட்டத் தெரிவது

லீக் ஆட்டங்கள் முடிந்த மறுநாளுக்கு அங்கே கறுப்புத் திங்கள் என்று பெயர். வேலை போகும் நாள். தலைமைக் கோச் போனால் அவர் கொண்டுவந்தவர்களும் பெரும்பாலும் கூடவே போவார்கள். பெலிச்சிக்கை கிளீவ்லாந்து பிரௌன்ஸ் 1996இல் நீக்கியது. பதினான்கு பருவங்களுக்குப் பிறகு ஈகிள்ஸ் ரீடை 2012இன் கடைசி நாளில் அனுப்பியது. ஒரு வாரத்துக்குள் கேன்சஸ் சிட்டி சீஃப்ஸ் எடுத்துக்கொண்டது, அங்கே மூன்று சூப்பர் பவுல் வென்றார். ஃபான்ஜியோவின் தலைமைப் பதவி மூன்று பருவம்தான் நீடித்தது. 2025 பிப்ரவரியில் ஈகிள்ஸின் தடுப்புப் பிரிவுத் தலைவராக சூப்பர் பவுல் வென்றார். தலைமைக் கோச்சாக இருந்த டிக் வெர்மீல் உழைத்துக் களைத்து 1982 பருவத்தோடு தானே விலகினார். 1997இல் திரும்பி வந்து 1999 பருவத்தின் கோப்பையை வென்றார்.

உச்சியில் இருப்பவருக்கு நீக்கத்திலும் பணம் உண்டு. 2023இல் ஜிம்போ ஃபிஷரை அனுப்பிய டெக்சஸ் ஏ அண்ட் எம் பல்கலைக்கழகம் ஒப்பந்தப்படி 7.5 கோடி டாலருக்கு மேல் தர வேண்டியதாயிற்று. அடிமட்ட உதவியாளருக்கு அந்தப் பாதுகாப்பு இல்லை. ஆகவே ஆசிரியர் உரிமத்தைக் காலாவதியாக விடக் கூடாது. ஒப்பந்தத்தில் கையெழுத்திடும் முன், நீக்கினால் எத்தனை மாதச் சம்பளம் என்ற வரியை முதலில் படிக்க வேண்டும்.

தொடங்க நினைப்பவர் சூப்பர் பவுல் சீசனுக்காகக் காத்திருக்க வேண்டாம். பெரும்பாலான மாநிலங்களில் பள்ளி அணிகளின் பயிற்சி ஆகஸ்டு வாக்கில் தொடங்குகிறது. மே மாதமே உள்ளூர்ப் பள்ளியின் தலைமைக் கோச்சுக்கு எழுதிவிடுங்கள். பள்ளிகள் வீடியோவுக்குப் பயன்படுத்தும் ஹட்ல் மென்பொருளை அதற்குள் பழகிக்கொண்டு, ஆட்டத்தைப் பிரித்துக் குறிக்கத் தெரியும் என்ற ஒரு வரியைக் கடிதத்தில் சேர்த்துவிடுங்கள்.