ஜே, கே, பி, ஓ, அரைப்புள்ளி

அன்புள்ள மருமகளுக்கு,

நேற்று ராத்திரி நீ வாட்ஸ்அப்பில் அனுப்பிய படத்தைப் பார்த்தேன். தாத்தாவின் கண்மாய்ப் புத்தகம் இருக்கிற சிடியைப் பரணிலிருந்து எடுத்து, யாரிடமோ சிடி டிரைவ் இரவல் வாங்கி, உள்ளே இருந்த கோப்புகளை எல்லாம் அப்பாவின் கம்ப்யூட்டரில் போட்டுவிட்டாய். அதுவரை சரி. ஒன்றும் திறக்கவில்லை என்றதும், நான் அந்தப் புத்தகத்தைப் பக்கம் அமைத்த பேஜ்மேக்கர் சாப்ட்வேரின் பழைய வெர்ஷனைத் தேடியிருக்கிறாய். ஐந்து பச்சைப் பொத்தான்கள் மின்னுகிற ஒரு பக்கம் வந்திருக்கிறது. "மாமா, இதுல எதை அமுக்கணும்?" என்று கேட்கிறாய்.

எதையும் அமுக்காதே. போனில் சொன்னால் பாதியை மறந்துவிடுவாய் என்பதால் கடிதமாக எழுதுகிறேன். பொறுமையாகப் படி.

நான் டிடிபி சென்டர் வைத்திருந்த காலத்தில் அப்படி ஒரு பச்சைப் பொத்தானை அமுக்கியவன்தான். கல்யாணப் பத்திரிகை ஒன்றைத் திருத்த ஒரு பழைய சாப்ட்வேர் வேண்டியிருந்தது. கேட்டது வந்தது, அதன் முதுகில் ஏறிக்கொண்டு பிரவுசரில் ஒரு டூல்பார், யாரும் கேட்காத ஒரு தேடல் பக்கம், மூலையில் குதிக்கிற விளம்பரம் எல்லாம் வந்தன. கடைசியில் மெஷினை ஃபார்மேட் செய்தேன். இரண்டு நாள் கடையில் வேலை ஓடவில்லை. பெண் வீட்டார் வாசலில் நின்றது இன்னும் கண்ணில் இருக்கிறது. ஆகவே முதலில் பார்க்க வேண்டியது சாப்ட்வேரைச் செய்தவர்களின் வீட்டு வாசலை. பல நல்ல சாப்ட்வேர்களுக்கு அவற்றை உருவாக்கியவர்களே பழைய வெர்ஷன்களை அடுக்கி வைத்திருக்கும் கிடங்கு இருக்கிறது. முகப்புப் பக்கத்தில் புதியதைத்தான் பெரிதாகக் காட்டுவார்கள். கிடங்குக் கதவு ஓரமாக, சின்ன எழுத்தில் இருக்கும். மொசில்லாவின் கிடங்கில் ஃபயர்ஃபாக்ஸ் ஒன்று என்ற எண்ணைத் தொடுவதற்கு முந்தைய வெர்ஷன்கள்கூட இருக்கின்றன. லிப்ரேஆபீஸ், விஎல்சி, கிம்ப் ஆகியவற்றுக்கும் அப்படியே.

இதில் எனக்குப் பிடித்தது பிளெண்டர் கிடங்கு. உன் வகுப்புப் பையன்கள் அனிமேஷன் பழகுகிறார்கள் என்றாயே, அவர்களுக்கும் சொல். 2019 ஜூலையில் வந்த 2.80 வெர்ஷனில் பிளெண்டரின் முகமே மாறிவிட்டது. அதுவரை மவுஸின் வலது பொத்தானால் பொருளைத் தேர்ந்தெடுப்பதே இயல்பு அமைப்பாக இருந்தது, அது இடது பொத்தானுக்கு மாறியது. கூடவே இருந்த கேம் எஞ்சினையும் பழைய ரெண்டர் முறையையும் எடுத்துவிட்டார்கள். அந்த எஞ்சினில் பாதி விளையாட்டைச் செய்து வைத்திருந்தவனுக்கு 2.79 இல்லாமல் கை ஒடிந்த மாதிரிதான். பிளெண்டரை ஜிப் கோப்பாகவும் தருகிறார்கள். அவிழ்த்துத் தனி ஃபோல்டரில் வைத்தால் போதும், பழையதும் புதியதும் ஒரே கம்ப்யூட்டரில் பக்கத்துப் பக்கத்தில் ஓடும். இன்ஸ்டாலர், ஜிப் இரண்டும் கிடைக்கிற இடத்தில் பழைய வெர்ஷனுக்கு எப்போதும் ஜிப்பையே எடு.

கிடங்குக்குள் போனால் பெயர்களைப் படிக்கத் தெரிய வேண்டும். வெர்ஷன் எண் தசம எண் இல்லை. கிம்ப் 2.8 வந்தது 2012-இல், 2.10 வந்தது 2018-இல். கணக்கு டீச்சரைக் கேட்டால் 2.8 தான் பெரிது என்பார். இங்கே புள்ளிக்குப் பின்னால் இருப்பது எட்டு, பத்து என்ற முழு எண்கள். அதேபோல் கோப்பின் பெயரில் எக்ஸ்86 என்று இருந்தால் 32 பிட், எக்ஸ்64 என்று இருந்தால் 64 பிட். எண்பத்தாறு என்று பெரிய எண்ணைப் பார்த்துப் புதியது என்று நினைத்து ஏமாறாதவர்கள் குறைவு.

இறக்கியதும் ஓட்டிவிடாதே. அந்தக் கிடங்கிலேயே பெரும்பாலும் ஷா256 என்று ஒரு சின்னக் கோப்பு இருக்கும். அதில் ஒவ்வொரு கோப்புக்கும் 64 எழுத்து நீளத்தில் ஒரு கைரேகை எழுதியிருக்கும். விண்டோஸின் கமாண்ட் பிராம்ப்டில் செர்ட்யூட்டில் என்ற கட்டளையில் ஷா256 முறையைக் குறிப்பிட்டுக் கேட்டால், நீ இறக்கிய கோப்பின் கைரேகையை அது கணக்கிட்டுக் காட்டும். இரண்டும் எழுத்துக்கு எழுத்து ஒத்துப்போக வேண்டும். ஒரு எழுத்து மாறினாலும் கோப்பைத் தூக்கிப்போடு.

நிறுவும்போது இன்னொன்று. சாப்ட்வேர் ஓரிடத்திலும், அதில் நீ செய்து வைத்த அமைப்புகள் வேறிடத்திலும் இருக்கும். புதியதை அன்இன்ஸ்டால் செய்தாலும் அமைப்புகள் அப்படியே கிடக்கும். பழைய வெர்ஷன் வந்து அதைப் படிக்கப் பார்த்துத் தடுமாறும். ஃபயர்ஃபாக்ஸ் இதற்கென்றே 2019-இல் 67-ஆம் வெர்ஷனிலிருந்து ஒரு தடுப்பு வைத்தது. புதிய வெர்ஷன் தொட்ட புரொஃபைலைப் பழையதில் திறந்தால், புதுப் புரொஃபைல் தொடங்கு, இல்லையென்றால் வெளியே போ என்று சொல்லிவிடும். எல்லா சாப்ட்வேரும் இவ்வளவு நாகரிகமாகச் சொல்லாது. அதனால் பழையதைப் போடுவதற்கு முன் அமைப்பு ஃபோல்டரின் பிரதி ஒன்றை எடுத்து வைத்துக்கொள். தானாக அப்டேட் ஆகும் வசதியையும் அணைத்துவிடு. இல்லாவிட்டால் ராத்திரி நீ பாடுபட்டுப் போட்ட பழசு காலையில் புதுசாகிக் கிடக்கும்.

காசுக்கு விற்கிற சாப்ட்வேர் கதை வேறு. பேஜ்மேக்கரை 1985-இல் ஆல்டஸ் என்ற கம்பெனி கொண்டுவந்தது. 1994-இல் அந்தக் கம்பெனியை அடோபி வாங்கியது. 2001-இல் வந்த 7.0 தான் கடைசி. செய்தவர்கள் கைவிட்டதால் அது பொதுச்சொத்து ஆகிவிடவில்லை. 2012 டிசம்பரில் அடோபி தன் சிஎஸ்2 சாப்ட்வேர்களுக்கான ஆக்டிவேஷன் சர்வரை மூடிவிட்டு, ஆக்டிவேஷன் கேட்காத பிரதியைத் தளத்தில் வைத்தது. இலவசம் என்று ஊரே ஓடிப்போய் இறக்கியது. ஏற்கெனவே காசு கொடுத்து வாங்கியவர்களுக்கு மட்டும்தான் என்று கம்பெனி விளக்கம் சொல்ல வேண்டி வந்தது. சந்தா கட்டுகிறவர்கள் நிலை இன்னும் மோசம். 2019-இல் அதே கம்பெனி கிளவுட் சந்தாக்காரர்கள் இறக்கிக்கொள்ளக்கூடிய பழைய வெர்ஷன்களை வெட்டிக் குறைத்தது. வாடகை வீட்டில் சுவரில் ஆணி அடிக்கவும் கேட்க வேண்டும் என்பது எனக்கு அன்றுதான் முழுதாக உறைத்தது.

நம்மிடம் நான் காசு கொடுத்து வாங்கிய பேஜ்மேக்கர் 6.5 சிடி இருக்கிறது. அந்தக் காலத்து சென்டர்களில் எத்தனை பேரிடம் வாங்கிய சிடி இருந்தது என்று கேட்காதே. ஆனால் அந்த சிடியைத் தேடி எடுப்பதற்கு முன் நீ ஒன்று செய். பழைய வெர்ஷனுக்குப் பதில் புதிய லிப்ரேஆபீஸை நிறுவி, அதிலுள்ள டிராவில் தாத்தாவின் கோப்பைத் திறந்து பார். 2015-இல் வந்த 4.4 வெர்ஷனிலிருந்து பேஜ்மேக்கர் கோப்பைப் படிக்கும் வசதி அதில் இருக்கிறது. பழைய கோப்புக்குப் பழைய சாப்ட்வேர்தான் வேண்டும் என்பதில்லை. பழைய கோப்பைப் படிக்கத் தெரிந்த புதிய சாப்ட்வேர் இருந்தால் அதுதான் நோகாத வழி. பக்கம் கலைந்து வரலாம், கட்டங்கள் இடம் மாறலாம். மேட்டர் வந்துவிட்டால் பாதிக் கிணறு தாண்டியாகிவிட்டது.

வரவில்லை என்றால்தான் பேஜ்மேக்கர். இங்கேதான் நீ நினைத்ததைவிட விஷயம் பெரியது. பழைய சாப்ட்வேர் தனியாக வருவதில்லை. அது பழகிய விண்டோஸ், பிரிண்டர், ஃபாண்ட் எல்லாவற்றையும் கூடவே கேட்கும். அந்தக் காலத்தில் சாப்ட்வேரே 32 பிட்டாக இருந்தாலும் அதை நிறுவுகிற இன்ஸ்டாலர் பலவற்றில் 16 பிட்டாக இருந்தது. 64 பிட் விண்டோஸ் 16 பிட் நிரல்களை ஓட்டுவதில்லை. விண்டோஸ் 11-இல் 32 பிட் என்ற வகையே இல்லை. மேக்கில் 2019-இல் வந்த கேட்டலினா 32 பிட்டையும் சேர்த்து மூட்டை கட்டிவிட்டது. நம்மூரில் விற்ற தமிழ் ஃபாண்ட் தொகுப்புகள் சிலவற்றுக்கு டாங்கிள் என்ற ஒரு பூட்டு உண்டு. கம்ப்யூட்டரின் பின்னால் பிரிண்டர் ஒயர் செருகும் இடத்தில் அதைச் செருகினால்தான் தமிழ் வரும். இன்றைய கம்ப்யூட்டரில் அந்தத் துளையே கிடையாது. நல்லவேளை, தாத்தா புத்தகத்துக்கு நான் பாமினி ஃபாண்ட் போட்டேன். அதற்குப் பூட்டு இல்லை.

ஆகவே அப்பாவின் விண்டோஸ் 11-இல் மல்லுக்கட்டாதே. விர்ச்சுவல்பாக்ஸ் என்று ஒன்று இலவசமாகக் கிடைக்கிறது. கம்ப்யூட்டருக்குள் இன்னொரு கம்ப்யூட்டரை அது உண்டாக்கித் தரும். அதற்குள் விண்டோஸ் 2000 போடுவோம். ஏன் எக்ஸ்பி வேண்டாம் என்கிறேன் என்றால், விண்டோஸில் ஆக்டிவேஷன் தொல்லை எக்ஸ்பியில்தான் ஆரம்பித்தது. 2000-க்குப் பெட்டியில் உள்ள எண் போதும், அந்தப் பெட்டியும் என்னிடம் இருக்கிறது. எல்லாம் நிறுவி முடித்ததும் விர்ச்சுவல்பாக்ஸில் ஒரு ஸ்னாப்ஷாட் எடுத்து வை. பின்னால் எதையாவது கெடுத்துக்கொண்டாலும் அந்த நொடிக்குத் திரும்பி வந்துவிடலாம். என் சென்டரில் அப்படி ஒரு பொத்தான் இருந்திருந்தால் அந்தக் கல்யாண வீட்டார் முன்னால் தலைகுனிந்திருக்க மாட்டேன்.

உள்ளே இருக்கிற அந்தக் கம்ப்யூட்டருக்கு நெட் கனெக்‌ஷன் கொடுக்காதே. அமைப்பில் நெட்வொர்க் அடாப்டரை முதலிலேயே அணைத்துவிடு. காரணத்தையும் சொல்கிறேன்: பழைய சாப்ட்வேரில் இருக்கிற ஓட்டையை யாரும் வந்து அடைப்பதில்லை. நாற்பது நாள் சோதனை என்று சொல்லி வருஷக்கணக்கில் எல்லார் வீட்டிலும் ஓடிக்கொண்டிருக்கிறதே வின்ரார், அது தானாக அப்டேட் ஆகாது. அதனாலேயே அதன் பழைய வெர்ஷன்கள் நம்மூர்க் கம்ப்யூட்டர்களில் நிறைய. ஏஸ் என்ற பழைய வகைக் கோப்பை அவிழ்க்க அதில் ஒரு பாகம் இருந்தது. அந்தப் பாகத்தில் 19 வருஷத்துக்கும் மேலாக ஒரு ஓட்டை இருந்ததை 2019-இல்தான் கண்டுபிடித்துச் சொன்னார்கள். கெட்ட எண்ணத்தோடு செய்த கோப்பை நீ அவிழ்த்தால், அது நீ சொன்ன ஃபோல்டரை விட்டுவிட்டு, கம்ப்யூட்டர் தொடங்கும்போது தானாக ஓடுகிற இடத்தில் போய் உட்கார்ந்துகொள்ளும். 5.70 வெர்ஷனில் ஏஸ் வசதியையே எடுத்துவிட்டார்கள். பழைய வெர்ஷன் வைத்திருப்பவனுக்கு ஓட்டை இன்றும் திறந்தே இருக்கிறது, அதுவும் உலகத்துக்கே தெரிந்த ஓட்டையாக. பழைய பிரவுசரும் பழைய மெயில் சாப்ட்வேரும் இதைவிட ஆபத்து. வெளியுலகத்தோடு பேசாத, வெளியாரின் கோப்பைத் திறக்காத சாப்ட்வேரைப் பழசாக வைத்துக்கொள்ளலாம் என்பது என் கணக்கு. பிரவுசரில் மட்டும் நான் பழசுக்குப் போவதில்லை.

பேஜ்மேக்கர் திறந்ததும் சந்தோஷத்தில் அங்கேயே புத்தகத்தைத் திருத்த உட்கார்ந்துவிடாதே. அங்கே போவது சாமான்களை எடுத்து வர மட்டும். பக்க அமைப்பு வேண்டுமென்றால் போஸ்ட்ஸ்கிரிப்ட் கோப்பாகப் பிரிண்ட் கொடு; கோஸ்ட்ஸ்கிரிப்ட் கொண்டு அதை வெளியே பிடிஎஃப் ஆக்கலாம். மேட்டரைத் தனியாக டெக்ஸ்ட்டாக எக்ஸ்போர்ட் செய். அதைத் திறந்து பார்த்ததும் பயந்துவிடாதே. "தமிழ்" என்ற சொல் இருக்க வேண்டிய இடத்தில் ஜே, கே, பி, ஓ, அரைப்புள்ளி என்று ஆங்கில எழுத்துகள் கிடக்கும். கோப்பு கெட்டுப்போகவில்லை. பாமினியில் அப்படித்தான். கம்ப்யூட்டரைப் பொறுத்தவரை நான் தட்டியது ஆங்கிலம். ஃபாண்டுதான் ஜே-க்குத் த, கே-க்கு ம என்று வேஷம் போட்டுக் காட்டியது. தாத்தாவின் புத்தகம் முழுவதும் அப்படித்தான் இருக்கிறது.

இதை யூனிகோடாக மாற்ற எழுத்துரு மாற்றிகள் இலவசமாகவே கிடைக்கின்றன. பாமினி என்று தேர்ந்தெடுத்து ஒட்டினால் நொடியில் மாறிவிடும். ஆனாலும் புரூஃப் பார்க்காமல் விடாதே. பழைய ஃபாண்டில் "கொ" தட்டும்போது கண்ணுக்குத் தெரிகிற வரிசைப்படி முதலில் கொம்பு, பிறகு க, பிறகு கால். யூனிகோடில் க முதலில் வரும், கொம்பும் காலும் சேர்ந்த ஒரே குறி பின்னால் வரும். நான் அவசரத்தில் கொம்புக்கும் எழுத்துக்கும் நடுவில் இடைவெளி விட்டிருந்தால் மாற்றி அங்கே குழம்பிவிடும். இன்னொரு வேடிக்கையும் உண்டு. எக்ஸ்போர்ட் செய்த டெக்ஸ்ட்டில் எது எந்த ஃபாண்டில் இருந்தது என்ற தகவல் போய்விடும். தாத்தா அங்கங்கே பொதுப்பணித் துறையின் ஆங்கிலச் சுருக்கத்தை ஆங்கில எழுத்திலேயே போடச் சொன்னார். மாற்றி அதையும் தமிழ் என்று எண்ணி, யாருக்கும் புரியாத ஒரு சொல்லாக மாற்றி வைத்திருக்கும். மடை அளவுகளைச் சொல்கிற பக்கங்களில் இது நிறைய வரும். அச்சான பிரதியைப் பக்கத்தில் வைத்துக்கொண்டு பார்.

இதெல்லாம் முடிந்ததும் ஒரே ஃபோல்டரில் யூனிகோடு டெக்ஸ்ட், பிடிஎஃப், அசல் கோப்புகள், பாமினி ஃபாண்ட் நான்கையும் போட்டு இரண்டு இடத்தில் வை. உன் காலேஜ் புராஜெக்டுக்கும் அப்படியே செய். எந்த வெர்ஷனில் செய்தாய் என்று ஒரு வரியும், அந்த வெர்ஷனின் இன்ஸ்டாலரும் கூடவே இருக்கட்டும். இன்று அது டவுன்லோடு ஃபோல்டரில் அடைசலாகத்தான் தெரியும்.

தீபாவளிக்கு வரும்போது தாத்தாவின் புத்தக சிடியையும் கொண்டு வா. எடுத்த கோப்பை விர்ச்சுவல்பாக்ஸுக்கு உள்ளேயிருந்து வெளியே கொண்டுவருவது கொஞ்சம் சிக்கலான வேலை, நேரில் காட்டுகிறேன். அப்புறம், மூன்றாம் அத்தியாயத்தில் கலுங்கு என்று வர வேண்டிய இடத்தில் ஒரு தடவை கலங்கு என்று அடித்துவிட்டேன். புத்தகம் பைண்டிங் முடிந்து வந்த பிறகுதான் தாத்தா பார்த்தார். ஒன்றும் சொல்லவில்லை, தன் பிரதியில் மட்டும் பென்சிலால் திருத்திக்கொண்டார். அதை மட்டும் நீ தொடாதே, நானே மாற்றுகிறேன்.

இப்படிக்கு,
உன் மாமா