முழு டிக்கெட் எத்தனை, அரை டிக்கெட் எத்தனை?

சித்தூரிலிருந்து திருப்பதிக்குப் பஸ்ஸில் 12 பேர். மொத்தம் 950 ரூபாய். முழு டிக்கெட் 100, அரை டிக்கெட் 50 என்று வைத்துக்கொள்வோம். பிள்ளைகள் எத்தனை பேர்? எக்ஸ், ஒய் இல்லாமலே விடை காணலாம்.

• எல்லோருக்கும் முழு டிக்கெட் என்று எண்ணுங்கள்: 12 × 100 = 1,200.

• உண்மைத் தொகையைக் கழியுங்கள்: 1,200 − 950 = 250.

• அதை இரு விலைகளின் வித்தியாசமான 50-ஆல் வகுங்கள்: 250 ÷ 50 = 5. பிள்ளைகள் 5, பெரியவர்கள் 7.

• சரிபாருங்கள்: 700 + 250 = 950.

• மொத்தத் தொகை, எல்லாம் அரை (600), எல்லாம் முழு (1,200) என்ற இரண்டுக்கும் நடுவில்தான் இருக்கும். வெளியே போனாலோ, வகுத்ததில் மீதி வந்தாலோ கேள்வியை மறுபடி படியுங்கள்.

• திருமலை லட்டுக்கும் இதே வழிதான். 50 ரூபாய் சிறிய லட்டும் 200 ரூபாய் பெரிய கல்யாணோற்சவ லட்டுமாக 10 வாங்க 800 ரூபாய் ஆனது. எல்லாம் சிறியது என்றால் 500. கூடுதல் 300, வித்தியாசம் 150. ஆகவே பெரியது 2, சிறியது 8.

விலை உயர்ந்ததில் தொடங்கினால் வரும் விடை மலிவானதன் எண்ணிக்கை. மலிவானதில் தொடங்கினால் உயர்ந்ததன் எண்ணிக்கை. இதை மட்டும் மாற்றி எழுதிவிடாதீர்கள்.