கம்ப்யூட்டர் ஏன் கண்டுகொள்ளவில்லை?

ஒரு நாள் மாலை. ஆய்வகத்தைப் பூட்டிக்கொண்டு கிளம்பும் நேரம். முதுகலை மாணவி ஒருத்தி மூச்சிரைக்க ஓடி வந்தாள். கையில் ஒரு சிறிய கறுப்புப் பெட்டி. கம்ப்யூட்டருக்கு வெளியே இணைக்கும் ஹார்டு டிஸ்க்.

"சார், இரண்டு மாத அளவீடுகள் எல்லாம் இதில்தான் இருக்கின்றன. போன வாரம் வரை நன்றாக வேலை செய்தது. இன்று கம்ப்யூட்டர் இதைக் கண்டுகொள்ளவே மாட்டேன் என்கிறது!"

"வேறு பிரதி?"

தலையைக் குனிந்துகொண்டாள். ஆய்வேட்டை ஒப்படைக்க மூன்றே நாட்கள்தான் இருந்தன.

பெட்டியை வாங்கி இணைத்தேன். அதன் சிறு விளக்கு எரிந்தது. காதருகே வைத்துக் கேட்டேன். ஏதோ சுழலத் தொடங்குவது போன்ற மெல்லிய ஓசை; உடனே அடங்கிவிட்டது. மீண்டும் தொடங்கியது, மீண்டும் அடங்கியது.

"விளக்கு எரிகிறதே சார், கரண்ட் வருகிறது என்றுதானே பொருள்?" என்றாள்.

மாணவர்களே, நீங்கள் என்ன சொல்வீர்கள்? விடை காண்பதற்கு முன், பெட்டிக்குள் என்ன இருக்கிறது என்று பார்ப்போம்.

சுழலும் தட்டு

இவ்வகை ஹார்டு டிஸ்க்கினுள் காந்தப் பூச்சு பூசிய வட்டத் தட்டுகள் உள்ளன. சிறிய பெட்டிகளில் இவை பெரும்பாலும் நிமிடத்திற்கு 5400 முறை, அதாவது நொடிக்கு 90 முறை சுழல்கின்றன. தட்டின் ஆரம் சுமார் 3.2 செ.மீ. என்று கொண்டால், அதன் விளிம்பு மணிக்கு ஏறக்குறைய 65 கி.மீ. வேகத்தில் ஓடுகிறது! தகவலைப் படிக்கும் 'தலை' என்னும் நுண்கருவி, தட்டைத் தொடாமல் சில நானோமீட்டர் உயரத்தில் மிதக்கிறது. நம் தலைமுடியின் தடிமன் பல்லாயிரம் நானோமீட்டர் என்பதை நினைத்துப் பாருங்கள்.

தட்டைச் சுழற்றுவது ஒரு சிறிய மோட்டார். மோட்டார் சுழலும்போது, அதன் சுருளில் எதிர் மின்னியக்கு விசை தூண்டப்பட்டு மின்னோட்டத்தைக் கட்டுப்படுத்துகிறது என்று படித்திருப்பீர்கள். ஆனால் ஓய்வு நிலையிலிருந்து கிளம்பும்போது அந்த எதிர்விசை இல்லை. ஆகவே தொடக்கத்தில் மோட்டார் மிகுந்த மின்னோட்டத்தை இழுக்கிறது. சிறிய ஹார்டு டிஸ்க்குகளுக்குக்கூட அது ஓர் ஆம்பியரை நெருங்கலாம். விளக்குக்கோ சில மில்லி ஆம்பியரே போதும்.

ஓம் விதி சொல்லும் விடை

"போன வாரத்திற்கும் இன்றைக்கும் இடையில் என்ன மாறியது?" என்று கேட்டேன்.

சிறிது யோசித்தாள். "கேபிள்தான் சார். பழையதை வீட்டில் வைத்துவிட்டேன். இது விடுதித் தோழியுடையது."

அது இரண்டு மீட்டர் நீளமுள்ள மெல்லிய கேபிள். கணக்குப் போட்டுப் பார்ப்போமா?

கேபிளினுள் மின்சாரம் செல்லும் செம்புக் கம்பியின் குறுக்குப் பரப்பு 0.08 சதுர மி.மீ. என்று கொள்வோம். அப்படியானால் மீட்டருக்குச் சுமார் 0.21 ஓம் மின்தடை. மின்னோட்டம் போகவும் வேண்டும், திரும்பவும் வேண்டும். எனவே மொத்த நீளம் 4 மீட்டர். மின்தடை சுமார் 0.85 ஓம். மோட்டார் கிளம்பும்போது 0.9 ஆம்பியர் பாய்ந்தால், கேபிளிலேயே 0.9 × 0.85 = 0.77 வோல்ட் இழப்பு! கம்ப்யூட்டர் கொடுத்தது 5 வோல்ட். பெட்டிக்குப் போய்ச் சேர்ந்தது 4.23 வோல்ட்தான். மோட்டார் தடுமாறி நின்றுவிடுகிறது.

விளக்கு மட்டும் எரியும்போது? 20 மில்லி ஆம்பியர் என்று கொண்டாலும் இழப்பு 0.017 வோல்ட்தான். ஆகவே விளக்கு எரிவது, மோட்டாருக்குப் போதிய மின்சாரம் கிடைக்கிறது என்பதற்குச் சான்றாகாது.

இன்னொன்றும் உண்டு. யூ.எஸ்.பி. 2.0 விதிப்படி ஒரு துளை தர வேண்டியது 500 மில்லி ஆம்பியர், யூ.எஸ்.பி. 3.0 விதிப்படி 900. பல கருவிகளைச் செருகிய, தனி மின்சாரம் இல்லாத இணைப்புப் பெட்டியில் ஹார்டு டிஸ்க்கையும் செருகினால், ஒருவர் சாப்பாட்டைப் பலர் பங்கிட்ட கதைதான்.

அரை மீட்டர் கேபிள் ஒன்றை எடுத்து, கம்ப்யூட்டரிலேயே நேராகச் செருகினேன். தட்டு சீராகச் சுழலும் ஓசை கேட்டது. திரையில் பெயர் தோன்றியது. "முதலில் பிரதி எடு; மற்றதெல்லாம் பிறகு" என்றேன்.

வேறு காரணங்கள்

எல்லாப் பெட்டிகளும் இப்படிப் பிழைத்துக்கொள்வதில்லை. கம்ப்யூட்டர் ஒரு கருவியை அறிந்துகொள்வது ஒரு சங்கிலி. எந்தக் கண்ணி அறுந்தது என்று வரிசையாகத் தேட வேண்டும்.

முதற்கண்ணி மின்சாரம். அதைப் பார்த்துவிட்டோம்.

இரண்டாவது, செய்தி. யூ.எஸ்.பி. 2.0 கேபிளில் நான்கு கம்பிகள். இரண்டு மின்சாரத்திற்கு, இரண்டு செய்திக்கு. கருவியைச் செருகியதும், அதனுள் உள்ள 1.5 கிலோ ஓம் மின்தடை ஒரு செய்திக் கம்பியின் மின்னழுத்தத்தை உயர்த்துகிறது. "யாரோ வந்திருக்கிறார்" என்று கம்ப்யூட்டர் அறிந்து, "நீ யார்?" என்று கேட்கிறது. கருவி தன் அடையாள எண்களைச் சொல்கிறது. செல்போனுக்குச் சார்ஜ் ஏற்ற மட்டுமே பயன்படும் சில கேபிள்களில் செய்திக் கம்பிகளே இல்லை. அவற்றால் இணைத்தால் தட்டு சுழலக்கூடும்; பேச்சு மட்டும் நடக்காது.

மூன்றாவது, அட்டவணை. நூலகத்தில் நூற்பட்டியல் கிழிந்துபோனால் புத்தகங்கள் அழிந்துவிடுமா? அலமாரியிலேதான் இருக்கும்; தேடத்தான் வழியில்லை. ஹார்டு டிஸ்க்கிலும் எந்தக் கோப்பு எங்கே என்று காட்டும் அட்டவணை உண்டு. அது பழுதானால் "ஃபார்மட் செய்யவா?" என்று கம்ப்யூட்டர் கேட்கும். அவசரப்பட்டு 'ஆம்' என்று அழுத்திவிடாதீர்கள்! அது கிழிந்த பட்டியலை எறிந்துவிட்டு வெற்றுப் பட்டியல் வைப்பதாகும். மேலே புதிதாக எழுதினால் பழையன மீளா. லினக்ஸ் முறையில் அமைத்த வட்டை விண்டோஸில் செருகினாலும் இப்படிக் கேட்கக்கூடும்; வட்டில் குறையே இராது!

நான்காவது, உறுப்புகளே பழுதாவது. கீழே விழுந்த பெட்டியிலிருந்து 'டக் டக்' என்ற ஓசை இடைவிடாது கேட்டால், உடனே கழற்றிவிடுங்கள். பழுதான தலை தட்டை உரசிக்கொண்டிருக்கலாம். ஒவ்வொரு சுற்றிலும் தகவல் அழியும். பெட்டியைத் திறந்து பார்க்கவும் கூடாது. ஒரு தூசித் துகளே அந்தத் தலைக்குப் பாறை. தகவல் மீட்கும் வல்லுநரிடம் கொடுப்பதே முறை.

ஒரு நேரத்தில் ஒரு மாற்றம்

தேடும்போது ஒரு விதியை மறவாதீர்கள்: ஒரு நேரத்தில் ஒன்றை மட்டுமே மாற்றுங்கள். முதலில் கேபிள், பிறகு துளை, பிறகு வேறொரு கம்ப்யூட்டர். மூன்றையும் ஒன்றாக மாற்றினால் பெட்டி வேலை செய்யலாம். காரணம் தெரியாமலே போய்விடும். ஆய்வகத்தில் நாம் செய்யும் சோதனைகளின் விதியும் இதுதானே!

அந்த மாணவி ஆய்வேட்டை உரிய நாளில் ஒப்படைத்தாள். இப்போது அவள் அளவீடுகள் மூன்று இடங்களில் இருக்கின்றன.

சிந்தித்து விடை காணுங்கள்: அதே கம்பியால் ஆன அரை மீட்டர் கேபிளில், 0.9 ஆம்பியர் பாயும்போது மின்னழுத்த இழப்பு எவ்வளவு? சுழலும் தட்டே இல்லாத எஸ்.எஸ்.டி. வகை வட்டை இணைக்கும்போது, நாம் கண்ட நான்கு கண்ணிகளில் எவை அப்படியே பொருந்தும், எது மாறும்?