அத்தாங் பாடினார்

அன்புள்ள கயல்விழிக்கு,

பிலிப்பைன்ஸின் முதல் கதாநாயகியைப் பற்றிக் கட்டுரை எழுத ஆசைப்படுவதாகவும், அவர் நடித்த படம் எங்கே கிடைக்கும் என்றும் கேட்டிருந்தாய். எங்கும் கிடைக்காதம்மா. 1919-இல் வெளிவந்த 'டலாகாங் புக்கிட்' படத்தில் ஒரு சுருள்கூட மிஞ்சவில்லை. அதற்காகத் தலைப்பை மாற்றிவிடாதே. அந்த நாயகி அத்தாங் டெ லா ராமாவைத் திரையில் தேடாமல் மேடையில் தேடு.

மணிலாவின் பாண்டகான் பகுதியில் பிறந்தவர் அவர். ஸ்பானியர் கொண்டுவந்த 'சர்சுவேலா' என்ற இசை நாடகத்தைப் பிலிப்பைன்ஸ் மக்கள் தங்கள் தகாலோக் மொழியில் தங்கள் கதைகளைச் சொல்லும் கலையாக்கிக்கொண்டார்கள். ஹெர்மோகெனஸ் இலாகன் எழுதி, லியோன் இக்னாசியோ இசையமைத்த 'டலாகாங் புக்கிட்' அப்படியொரு நாடகம். பூ விற்கும் ஏழைப் பெண் ஆஞ்சலிட்டா ஒரு மாணவனைக் காதலிக்கிறாள். பெற்றோரோ பணக்காரக் கிழவருக்குக் கட்டிவைக்கப் பார்க்கிறார்கள். ஆஞ்சலிட்டாவாக நடித்துப் பதின்ம வயதிலேயே புகழடைந்தார் அத்தாங். பிலிப்பைன்ஸ் இயக்குநர் ஹோஸே நெபோமுசேனோ தம் முதல் கதைப்படத்துக்கு இந்த நாடகத்தையும் இந்த நாயகியையுமே தேர்ந்தெடுத்ததில் நல்ல கணக்கு இருந்தது. அதுவரை அங்கே கதைப்படம் எடுத்தவர்கள் அமெரிக்கர்கள். உள்ளூர்க்காரர் எடுக்கும் படத்துக்கு, மக்கள் ஏற்கெனவே நேசித்த முகம் வேண்டியிருந்தது.

இனி நீ விரிவாக எழுதவேண்டிய இடம். பேசாப்படத்தில் பாட்டுக்கு என்ன செய்வது? படம் ஓடிய அரங்குக்கே அத்தாங் வந்தார். உடைந்த பானையைப் பற்றிய அந்த நாடகத்தின் புகழ்பெற்ற பாட்டை, திரையில் தன் நிழல் வாயசைக்க, நேரில் பாடினார். அன்றைய ரசிகர்கள் ஒரே நேரத்தில் சினிமாவும் பார்த்தார்கள், கச்சேரியும் கேட்டார்கள். சுருள் கிடைத்திருந்தாலும் அந்த அனுபவத்தில் பாதிதான் நம் கைக்கு வந்திருக்கும். என் மனத்தைக் கவர்ந்தது இதுதான்.

படங்கள் அழிந்த காரணத்தைச் சுருக்கமாகச் சொல்லிவிடு: எளிதில் தீப்பற்றும் நைட்ரேட் சுருள், வெப்பமும் ஈரமும், பிறகு 1945-இல் மணிலாவைத் தரைமட்டமாக்கிய போர். போருக்கு முந்தைய படங்களில் விரல்விட்டு எண்ணக்கூடியவையே தப்பின.

அத்தாங்கின் வாழ்க்கையை 1919-உடன் நிறுத்திவிடவும் கூடாது. சினிமா வளர வளர சர்சுவேலா தேய்ந்தது. அவரோ அதைக் கைவிடவில்லை. தாமே நாடகங்கள் எழுதினார். பெரிய அரங்குகளுக்கு வரமுடியாத எளிய மக்களிடம் பாட்டைக் கொண்டுபோனார். கணவர் அமாடோ ஹெர்னாண்டஸ் கவிஞர், தொழிற்சங்கத் தலைவர். 1951-இல் கைதாகி ஐந்தாண்டுகளுக்கு மேல் சிறையில் இருந்தவர். 1987-இல் அத்தாங்குக்குத் தேசியக் கலைஞர் விருது கிடைத்தது, நாடகத்துக்கும் இசைக்குமாக. 1991-இல் மறைந்தார்.

நாடகக் கதை, பாடல் பதிவுகள், அன்றைய விளம்பரங்கள் ஆகியவற்றை முதலில் திரட்டு. 'முதல் நடிகை' என்று தொடங்காமல் அந்த அரங்கில் அவர் பாடியதிலிருந்து தொடங்கு. முதல் வரைவை எனக்கு அனுப்பு, உட்கார்ந்து படிக்கிறேன்.

அன்புடன்,
அத்தை