கேமராவுக்கு முன் ஒரு நோட்டு

அன்புள்ள இளம் ஒளிப்பதிவாளருக்கு,

சிறிய பட்ஜெட்டில் முதல் படம் கையில் வந்ததும், எந்த கேமரா, எந்த லென்ஸ் என்று வாடகைப் பட்டியலோடு உட்கார்ந்துவிடுகிறோம். அந்தப் பட்டியலைக் கொஞ்சம் தள்ளிப் போடுங்கள். சுயாதீனப் படத்தில் உங்கள் முதல் வேலை, கதை நடக்கும் இடத்தில் வெளிச்சம் எங்கிருந்து, எப்போது, எப்படி வருகிறது என்று பார்த்து எழுதி வைப்பது.

சுப்ரதா மித்ராவைப் பாருங்கள். சினிமா கேமராவை இயக்கிப் பழக்கமில்லாமலே ‘பதேர் பாஞ்சாலி’க்கு (1955) ஒளிப்பதிவு செய்தவர். அதற்கு முன் வங்காளத்தில் இயக்குநர் ழான் ரெனுவார் ‘தி ரிவர்’ எடுத்தபோது ஓரமாக நின்று, விளக்குகள் எங்கே இருந்தன, நடிகர்கள் எப்படி நகர்ந்தார்கள் என்று வரைந்து குறித்துக்கொண்டார். லைட்டிங் கன்டினியூட்டியைச் சரிபார்க்க ஒளிப்பதிவாளர் க்ளோத் ரெனுவாரே ஒருமுறை அந்தக் குறிப்புகளைக் கேட்டார். ‘அபராஜிதோ’வில் (1956) இந்தப் பழக்கம் கைகொடுத்தது. மழைக்குப் பயந்து, காசி வீட்டு முற்றத்தை ஸ்டுடியோவில் செட் போட முடிவானபோது மித்ரா எதிர்த்தார். அத்தகைய முற்றத்தில் வானத்து வெளிச்சம் நிழலே விழாமல் பரவும். ஸ்டுடியோ விளக்கில் அது வராது என்றார். வாதம் எடுபடவில்லை. உடனே செட்டின் மேல் வெள்ளைத் துணியை இழுத்துக் கட்டி, விளக்குகளை அதன்மேல் அடித்து, திரும்பி விழுந்த ஒளியில் படமெடுத்தார். துணி எந்தக் கடையிலும் கிடைக்கும். முற்றத்து வெளிச்சத்தைக் கூர்ந்து பார்க்காதவருக்கு அது தேவை என்றே தோன்றியிருக்காது.

அவருக்கு ஸ்டுடியோவும் விளக்குகளும் இருந்தன, எனக்கு ஒரு ஜன்னல்தானே என்பீர்கள். நியாயம்தான். ஆனால் எந்த நேரத்தில் எடுப்பது என்பதை நீங்கள் தேர்ந்தெடுக்கலாம். உச்சி வெயிலில் எடுக்காதே என்று பாடமாகச் சொல்வார்கள். ஆனால் ‘கூழாங்கல்’ (2021) படத்தில் வறண்ட நிலத்தில் நடக்கும் அப்பனுக்கும் மகனுக்கும் அந்தக் கொடும் வெயிலே கதை. அதை மென்மையாக்கியிருந்தால் படமே பொய்யாகியிருக்கும்.

வெயில் நகர்ந்தால் கன்டினியூட்டி போகுமே என்ற பயம் வீண் பயமல்ல. வெளிச்சத்தை எழுதிவைத்த உங்கள் நோட்டு உதவி இயக்குநரின் ஷெட்யூலுக்குள் போக வேண்டும் என்று சொல்வது அதனால்தான். வைட் ஷாட்டுகளை நீங்கள் தேர்ந்தெடுத்த நேரத்துக்குள் முடித்துவிடுங்கள். குளோசப்புகளை நிழலில், ஒரு பக்கம் தெர்மாகோல், மறுபக்கம் கறுப்புத் துணி வைத்து ஒளியைப் பொருத்தி எடுங்கள். இந்த எளிய முறையைக் காட்டி லைட்மேன்களைக் குறைக்கலாம் என்று யாராவது கணக்குப் போட்டால் ஒத்துக்கொள்ளாதீர்கள். துணியைக் கட்டவும் தெர்மாகோலை அசையாமல் பிடிக்கவும் தேர்ந்த கைகள் வேண்டும், அவற்றுக்கு முழுக் கூலி வேண்டும்.

அடுத்த படத்துக்குப் பேசும்போது, காலையிலிருந்து மாலை வரை லொக்கேஷனில் இருந்து பார்க்க எத்தனை நாள் தருவீர்கள் என்று முதலில் கேளுங்கள். அதை ஒப்பந்தத்தில் எழுதி வாங்குங்கள்.