எண்ணங்களை அறியும் தோட்டம்

உள்ளே நுழைபவரின் எண்ணத்தை அறிந்து மலரவும் வாடவும் செய்யும் தோட்டம் ஒன்று இருப்பதாகக் கற்பனை செய்வோம். அன்பு நிறைந்த உள்ளத்துடன் ஒருவர் வந்தால் மொட்டுகள் அவிழ்கின்றன. பகைமையுடன் ஒருவர் வந்தால் தளிர்கள் கருகுகின்றன. அத்தகைய தோட்டத்தினுள் கால் வைக்க நம்மில் எத்தனை பேர் துணிவோம்? சொல்லை அடக்கிக்கொள்ளலாம், முகத்தில் புன்னகையை வரவழைத்துக்கொள்ளலாம். உள்ளத்தில் ஓடும் எண்ணத்தை எங்கே ஒளித்து வைப்பது?

இது வெறும் கற்பனைதானா, இதில் உண்மையும் உண்டா என்பதைச் சற்று ஆராய்வோம்.

செடிகள் எதை உணர்கின்றன?

செடிகளுக்கு உணர்ச்சி உண்டு என்பதைக் கருவிகளின் துணையுடன் உலகுக்குக் காட்ட முனைந்தவர் ஜகதீச சந்திர போஸ் (1858-1937). தொட்டாற்சுருங்கி, தொழுகண்ணி போன்ற செடிகளை அவர் ஆண்டுக்கணக்கில் ஆராய்ந்தார். 1901-ஆம் ஆண்டு மே 10-ஆம் நாள் லண்டன் ராயல் இன்ஸ்டிடியூஷனில் அறிஞர்கள் முன்னிலையில் தம் சோதனைகளைச் செய்து காட்டினார். கண்ணுக்குப் புலப்படாத வளர்ச்சியையும் பன்மடங்கு பெரிதாக்கிப் பதிவு செய்யும் 'கிரெஸ்கோகிராஃப்' என்னும் கருவியை உருவாக்கினார். அவருடைய ஆராய்ச்சி நூல்கள் வெளிவருவதற்குச் சகோதரி நிவேதிதை பெரிதும் துணை நின்றார். 1917-இல் போஸ் நிறுவிய ஆராய்ச்சி நிலையம் கொல்கத்தாவில் இன்றும் இயங்கி வருகிறது.

ஒளி, தொடுதல், வெப்பம், காயம் ஆகியவற்றைச் செடி உணர்கிறது. ஓர் இலையைப் பூச்சி கடித்தால் அச்செய்தி செடியின் மற்ற இலைகளுக்கும் பரவுவதை 2018-இல் அறிவியலாளர்கள் படமாகவே பிடித்துக் காட்டினர்.

ஆனால் மனிதனின் எண்ணத்தைச் செடி அறியுமா? 1966-இல் அமெரிக்காவில் கிளீவ் பாக்ஸ்டர் என்பவர், பொய்யைக் கண்டறியும் கருவியை ஒரு செடியின் இலையில் இணைத்தார். இலையை எரிக்கலாம் என்று தாம் நினைத்த அளவிலேயே கருவியின் முள் அசைந்தது என்று அவர் கூறினார். செய்தி உலகெங்கும் பரவியது. எனினும், செடிகள் மற்ற உயிர்களின் நிலையைத் தொலைவிலிருந்தே உணர்கின்றன என்ற அவரது கூற்றைப் பிற ஆராய்ச்சியாளர்கள் கட்டுப்பாடுகளுடன் சோதித்து 1975-இல் முடிவை வெளியிட்டபோது, அதற்குச் சான்று கிட்டவில்லை. நம் விருப்பத்துக்கு இசைவாக இருக்கிறது என்பதற்காக ஒன்றை உண்மை என்று ஏற்பது சாதகனுக்கு அழகன்று. சத்தியத்தை நாடுபவன் இங்கேயும் சத்தியத்தையே நாட வேண்டும்.

அப்படியானால் எண்ணத்துக்கும் செடிக்கும் தொடர்பே இல்லையா? உண்டு. அது செல்லும் வழி வேறு. அதனை அறிய ஒரு தீவுக்குச் செல்வோம்.

நக்கவாரத்தின் சோலைகள்

முதலாம் ராஜேந்திர சோழனின் மெய்க்கீர்த்தி, அவன் கடல் கடந்து வென்ற இடங்களுள் மாநக்கவாரத்தையும் குறிக்கிறது. தேன் மிகுந்த சோலைகளை உடையது என்று அதற்கு அடைமொழியும் தருகிறது. நக்கவாரம் என்பது இன்றைய நிக்கோபார். அத்தீவுக் கூட்டத்தின் வடகோடியில் இருப்பது கார் நிக்கோபார். அங்கே தென்னைதான் வாழ்வு. உணவும் எண்ணெயும் வீட்டில் வளர்க்கும் பன்றிகளுக்குத் தீனியும் அது தருவதே. ஒரு காலத்தில் பண்டங்களின் விலையைக்கூடத் தேங்காய்க் கணக்கில்தான் கூறினார்கள்.

2004-ஆம் ஆண்டு டிசம்பர் 26-ஆம் நாள் காலையில் ஆழிப்பேரலை அத்தீவைத் தாக்கியது. கடலோர ஊர்கள் அழிந்தன, பலர் மாண்டனர். நிலமே சற்றுத் தாழ்ந்து போனதால், முன்பு தோப்பாக இருந்த இடங்களில் கடல்நீர் புகுந்து நின்றது. தப்பியவர்கள் தீவின் உட்பகுதிக்குச் சென்று குடியேறினார்கள். அங்கே மீண்டும் தென்னம்பிள்ளைகளை நட்டார்கள்.

தென்னை காய்க்கத் தொடங்க ஆறு முதல் எட்டு ஆண்டுகள் ஆகும். உற்றாரை இழந்தவன், கூரையும் நிலையில்லாமல் இருந்தவன், எட்டு ஆண்டுகளுக்குப் பின் வரப்போகும் காய்க்காக மண்ணைத் தோண்டினான். அந்த எண்ணத்தின் வலிமையை எந்தக் கருவியால் அளப்பது?

கார் நிக்கோபாரில் 'துஹெத்' என்னும் பெருங்குடும்பமே நிலத்துக்கும் தோப்புக்கும் உரியது. நட்டவன் ஒருவன், உண்போர் பலர். ஆனால் பேரழிவுக்குப் பின் உதவித்தொகையும் வீடும் தனித்தனிக் குடும்பங்களுக்கு வழங்கப்பட்டதால், இக்கூட்டு வாழ்வில் தளர்ச்சி ஏற்பட்டது என்று ஆய்வாளர்கள் எழுதியுள்ளனர். 'நமது' என்னும் எண்ணத்தில் தழைத்த தோப்பு, 'எனது' என்னும் எண்ணம் நுழையும்போது அப்படியே இருக்குமா? கொடுத்தவர்களின் நோக்கம் நல்லதே. ஆயினும், அலையால் அழியாத ஒன்றையும் அந்தச் சிறு சொல் அசைத்துவிட வல்லது.

தாமதமாக வரும் பதில்

தென்னையின் பாளை வெளியே விரிவதற்கு ஏறத்தாழ 32 மாதங்களுக்கு முன்பே குருத்தினுள் அதன் கரு உருவாகத் தொடங்கிவிடுகிறது. பாளை விரிந்தபின் காய் முற்ற மேலும் ஏறக்குறைய 12 மாதங்கள் ஆகின்றன. இன்று நாம் பறிக்கும் தேங்காய், மூன்றரை ஆண்டுகளுக்கு முன் நாம் ஊற்றிய நீருக்கும், ஊற்றாமல் விட்ட நீருக்கும் கிடைத்த பதிலாகும். நேற்று ஊற்றிவிட்டு இன்று அண்ணாந்து பார்ப்பவன், மரம் நன்றி கெட்டது என்றுதான் சொல்வான்.

எண்ணம் செயலாகிறது. செயல் பழக்கமாகிறது. பழக்கம் செடிக்கு நீராகவும் உரமாகவும் காவலாகவும் சென்று சேர்கிறது. அல்லது புறக்கணிப்பாகச் சென்று சேர்கிறது. இவ்வாறு பார்த்தால் ஒவ்வொரு தோட்டமும் தன்னைப் பேணியவரின் எண்ணத்துக்கேற்பவே மலர்கிறது, வாடுகிறது. பதில் வருவதற்குக் காலம் ஆகிறது, அவ்வளவே. கர்மத்தின் நியதியும் இதுவன்றோ? பலனைக் குறித்த பரபரப்பின்றிக் கடமையைச் செய் என்று கீதை கூறுவதன் பொருள், தென்னம்பிள்ளைக்கு நீர் ஊற்றுபவனுக்கு எளிதில் விளங்கும்.

நம் இல்லமும் இத்தகைய தோட்டமே. குழந்தையிடம் இன்று காட்டும் பொறுமை நாளையே காயாகத் தொங்காது. இன்று கொட்டும் கடுஞ்சொல்லும் உடனே கண்ணுக்குத் தெரியாது. இரண்டும் குருத்தினுள் கருவாகிக்கொண்டிருக்கின்றன.

இம்மாதப் பயிற்சி

1. ஒரு செடியைத் தேர்ந்தெடுத்து, நாள்தோறும் ஒரே வேளையில் நீர் ஊற்றுங்கள். அவ்வேளையில் மனத்தில் இருக்கும் எண்ணத்தை ஒரே சொல்லில் குறித்து வையுங்கள்.

2. பதில் வராததால் நீங்கள் பேணுவதை நிறுத்திவிட்ட உறவு ஏதேனும் உண்டா? அதனை இவ்வாரமே மீண்டும் தொடங்குங்கள்.

3. 'எனது' என்று சொல்ல வரும் இடங்களில் 'நமது' என்று சொல்ல முடிகிறதா என்று ஒரு நாள் முழுவதும் கவனியுங்கள்.

மாத முடிவில் அந்தக் குறிப்பைப் படித்துப் பாருங்கள். செடி உங்கள் எண்ணத்தை அறிந்ததோ இல்லையோ, நீங்கள் அதை அறிந்திருப்பீர்கள்.